இசைவு என்னும் சொல்: வாச்சாத்தி வழக்கு தரும் படிப்பினை

நம் மாணவருள் சட்டநூல் பயில்வோர் மிகச் சிலர். சட்டத்தின்கீழ் வாழாதவரோ ஒருவருமிலர். ஆதலின், பெண்டிர்க்கும் சிறார்க்கும் இழைக்கப்படும் பாலியற் கொடுமையைப் பற்றிச் சட்டம் யாது கூறுகின்றது என்பதை ஒவ்வொரு மாணவரும் மாணவியும் அறிந்திருத்தல் இன்றியமையாதது. இப்பொருளை வாயெடுத்துப் பேசுதலே இழுக்கு எனக் கருதுவோர் நம்மிடை இன்னும் பலர். அவர்தம் கூச்சம் நல்லெண்ணத்தினின்று பிறந்ததே ஆயினும், அதனாற் பயன் பெறுவோன் கொடுமை செய்தவன் ஒருவனே. பேசாதிருப்பது அவனுக்கு அரண். துன்புற்றவளுக்கோ அது மற்றுமொரு சிறை.

இப்பொருள் முழுவதையும் ஒரு கட்டுரையில் அடக்குதல் இயலாது. ஆகலான் 'இசைவு' என்னும் ஒரு சொல்லை எடுத்துக்கொண்டு, அதனைச் சட்டம் எவ்வாறு படிப்படியாக உணரலாயிற்று என்பதையும், நம் பழைய சேலம் மாவட்டத்தின் எல்லைக்குள் அமைந்திருந்த ஒரு சிற்றூரின் வழக்கு அதனை எவ்வாறு விளக்குகின்றது என்பதையும், துன்புற்றார்க்கு நாம் செய்யக் கடவது யாது என்பதையும் முறையே ஆராய்வோம்.

1. சொல்லும் பொருளும்

முற்காலத்து நாளிதழ்களும் வழக்குமன்றங்களும் இக்குற்றத்தைக் 'கற்பழிப்பு' என்று குறித்து வந்தன. இச்சொல்லைச் சற்றே பிரித்து நோக்குவோமாயின் அதன் தீங்கு புலனாகும். அழிந்தது யாது? கற்பு. அஃது எவருடையது? பெண்ணினுடையது. செய்தவன் அச்சொல்லில் யாண்டுமில்லை. இழந்தவள் மட்டுமே அதில் நிற்கின்றாள். இக்காலத்தில் 'பாலியல் வன்கொடுமை' என்றும் 'வல்லுறவு' என்றும் வழங்குகின்றனர். வன்மையும் கொடுமையும் செய்தவன்பாலன. ஆதலின் இச்சொற்களில் பழி தனக்குரிய இடத்தைச் சென்று சேர்கின்றது. களவு போன வீட்டுக்காரனை ஊரார் இகழ்வதில்லை, கள்வனையே இகழ்வர். இக்குற்றம் ஒன்றில் மட்டும் நெடுங்காலம் முறை தலைகீழாக நின்றது.

இனி, இசைவு என்பதை நோக்குவோம். இசைதல் என்னும் வினையினின்று பிறந்த இச்சொல்லுக்குப் பொருந்துதல், உடன்படுதல் என்பன பொருள். பொருந்துதற்கு இருவர் வேண்டும். ஒருவர் தம் விருப்பத்தை மற்றொருவர்மேல் ஏற்றி வைப்பது பொருந்துதல் ஆகாது. அச்சத்தால் அடங்கியிருப்பவள் இசைந்தவள் அல்லள். கத்தியைக் கண்டு பணப்பையை நீட்டுகின்றவன் அதனைக் கொடையாக அளித்தான் என்று கூறுவார் உளரோ? அடங்குதல் வேறு, இசைதல் வேறு என்னும் இவ்வேற்றுமையே இக்கட்டுரையின் உயிர்நிலை.

2. சட்டம் கற்றுக்கொண்ட வரலாறு

1860ஆம் ஆண்டின் இந்திய தண்டனைச் சட்டம் தன் 375ஆம் பிரிவில் இக்குற்றத்தை வரையறுத்தது. பெண்ணின் விருப்பத்திற்கு மாறாகவோ, அவளது இசைவின்றியோ நிகழ்வது குற்றம் என்று அது கூறிற்று. ஆயின் இசைவு என்பது யாது என அப்பிரிவு விளக்கவில்லை. இசைவு தரத்தக்க வயது இன்னதென்பதிலும் சட்டம் மெல்லவே வளர்ந்தது. 1860இல் அது 10 ஆண்டாக இருந்தது. 1891இல் 12 ஆகவும், 1925இல் 14 ஆகவும், பின்னர் 16 ஆகவும் உயர்ந்து, 2012, 2013ஆம் ஆண்டுகளின் சட்டங்களால் 18 ஆயிற்று. பத்து வயதுச் சிறுமி இசைவு தர வல்லவள் என்று ஒரு காலத்துச் சட்டம் கருதியது என்பதை நினைக்கவே நெஞ்சு நடுங்குகின்றது. ஆயினும் அதனை அறிந்து வைத்தல் நன்று. சட்டம் விண்ணினின்று இறங்கியதன்று, மாந்தர் திருத்தத் திருத்தத் திருந்துவது என்பதற்கு அதுவே சான்று.

விளக்கப்படாது விடப்பட்ட அச்சொல்லின் கேடு 1972ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் மகாராட்டிர மாநிலத்துத் தேசாய்கஞ்ச் காவல் நிலையத்தில் வெளிப்பட்டது. கூலிவேலை செய்து பிழைத்த பழங்குடிப் பெண் ஒருத்தி, தன் தமையன் கொடுத்த முறையீட்டின் தொடர்பாக இரவில் அங்கு அழைத்து வரப்பட்டாள். உறவினர் வெளியே காத்திருக்க, உள்ளே நிறுத்தி வைக்கப்பட்ட அவள் காவலரால் வன்கொடுமைக்கு ஆளானாள். அவள் பெயர் சட்டநூல்கள் பலவற்றில் உளது. எனினும் யாம் அதனை எழுதோம். கீழமன்றம் காவலரை விடுவித்தது. மும்பை உயர்நீதிமன்றம் 1976இல் தண்டித்தது. உச்சநீதிமன்றம் 1978இல் மீண்டும் விடுவித்தது. அவள் உடலிற் காயம் இல்லை, அவள் கூவி அழைக்கவில்லை என்பனவே அதற்குக் காட்டப்பட்ட ஏதுக்கள்.

காவல் நிலையத்தினுள், கதவு சாத்தப்பட்ட பின்னர், ஏழைச் சிறுமி யாரைக் கூவி அழைப்பாள்? அழைத்தால் வரவேண்டியவர் காவலரே அன்றோ? உபேந்திர பக்ஷி, லோத்திகா சர்க்கார், வசுதா தாகம்வார், ரகுநாத் கேல்கர் என்னும் சட்டப் பேராசிரியர் நால்வர் 1979 செப்டம்பரில் தலைமை நீதிபதிக்கு வெளிப்படையான மடல் ஒன்று எழுதி, அடங்குதலுக்கும் இசைதலுக்கும் உள்ள வேற்றுமையை எடுத்துக் காட்டினர். நாடெங்கும் மாதர் அமைப்புகள் எழுந்தன. அதன் பயனாக 1983இல் சட்டம் திருத்தப்பட்டது. காவலர், அரசு ஊழியர், சிறை அல்லது மருத்துவமனை அலுவலர் ஆகியோர் தம் பிடியில் உள்ள பெண்ணுக்கு இழைக்கும் கொடுமைக்குக் கடுந்தண்டனை வகுக்கப்பட்டது. அத்தகைய வழக்கில், கூடல் நிகழ்ந்தது மெய்ப்பிக்கப்பட்டு, தான் இசையவில்லை எனப் பெண் மன்றத்திற் கூறுவாளாயின், இசைவில்லை என்றே மன்றம் கொள்ளவேண்டும் என்பதும் விதியாயிற்று. விசாரணை மூடிய அறையில் நடைபெறுதலும், துன்புற்றவள் பெயரை வெளியிடலாகாது என்னும் தடையும் அப்பொழுதே ஏற்பட்டன.

எழுத்தளவில் இவை சிறந்த விதிகளே. ஆயின் ஏட்டில் எழுதிய விதி தானே நடந்து சென்று ஏழையின் வாயிலைத் தட்டுவதில்லை. இதனை நமக்கு உணர்த்தியது ஒன்பது ஆண்டுகளின் பின்னர் நிகழ்ந்த வாச்சாத்திக் கொடுமை.

3. வாச்சாத்தி

சேலத்தினின்று வடகிழக்கே, சித்தேரி மலையின் அடிவாரத்தில், அரூர் வட்டத்தில் அமைந்தது வாச்சாத்தி என்னும் சிற்றூர். 1965ஆம் ஆண்டு தருமபுரி தனி மாவட்டமாகும் வரை அவ்வட்டம் சேலம் மாவட்டத்தைச் சார்ந்திருந்தது. ஊரார் பெரும்பாலும் மலையாளிப் பழங்குடி மக்கள். சேர்வராயன் மலையிலும் கொல்லிமலையிலும் கல்வராயன் மலையிலும் வாழ்வோர் இவர்தம் உறவின் முறையினரே. வாழப்பாடி, இராசிபுரம், சேந்தமங்கலம் சந்தைகளில் நாம் நாள்தோறும் காணும் மக்கள் இவர்கள்.

1992ஆம் ஆண்டு ஜூன் திங்கள் 20ஆம் நாள், சந்தனக் கட்டை பதுக்கி வைத்துள்ளனர் என்னும் குற்றச்சாட்டின் பேரில் வனத்துறையினரும் காவல் துறையினரும் வருவாய்த் துறையினரும் பெருந்திரளாக அவ்வூரினுட் புகுந்தனர். வீடுகள் இடிக்கப்பட்டன, தவசம் சிதறடிக்கப்பட்டது, ஆடுமாடுகள் கொல்லப்பட்டன, குடிநீர்க் கிணறும் பாழாக்கப்பட்டது. ஊரார் ஓரிடத்தில் திரட்டி அடிக்கப்பட்டனர். பதினெண்மர் பெண்டிர் பிரித்தெடுக்கப்பட்டு, ஏரிப் பக்கமாகக் கொண்டு செல்லப்பட்டு, அரசின் உடை தரித்தவர்களாலேயே வன்கொடுமைக்கு ஆளாயினர். பின்னர் அவர்கள் அரூர் வனத்துறை அலுவலகத்தில் இரவு முழுதும் நிறுத்தி வைக்கப்பட்டனர். அதன் பின்னும் அவர்கள் வீடு திரும்பவில்லை. பெண்டிரும் குழந்தைகளுமாக நூற்றுக்கு மேற்பட்டோர் கைது செய்யப்பட்டுச் சேலம் மத்தியச் சிறையில் அடைக்கப்பட்டனர். முறையீடு செய்ய வேண்டியவர்கள் கைதிகளாயினர். முறையீட்டைக் கேட்க வேண்டியவர்களே குற்றம் செய்தோராயினர்.

அவ்வாண்டிலேதான் தமிழ்நாட்டின் முதல் அனைத்து மகளிர் காவல் நிலையம் சென்னை ஆயிரம் விளக்கில் திறக்கப்பெற்றது. ஆயிரம் விளக்கின் ஒளி சித்தேரி மலையடிவாரத்தை எட்டவில்லை.

சில வாரங்களின் பின்னர், தமிழ்நாடு மலைவாழ் மக்கள் சங்கத்தைச் சேர்ந்த பெ. சண்முகம் முதலானோர் அவ்வூருக்குச் சென்று, நிகழ்ந்ததைக் கேட்டறிந்து உலகிற்கு உரைத்தனர். மார்க்சிஸ்ட் கம்யூனிஸ்ட் கட்சியின் மாநிலச் செயலாளராயிருந்த அ. நல்லசிவன் நீதிமன்றத்தை நாடினார். அரசுத் தரப்பினர் அவ்வாறு ஒன்றும் நிகழவில்லை என மறுத்தனர். தாழ்த்தப்பட்டோர் பழங்குடியினர் ஆணையத்தின் தென்மண்டல அலுவலராயிருந்த பாமதி என்னும் அம்மையார் நேரிற் சென்று ஆராய்ந்து, குற்றச்சாட்டில் உண்மை உண்டென அறிக்கை தந்தார். 1995இல் சென்னை உயர்நீதிமன்றம் வழக்கை மத்தியப் புலனாய்வுத் துறையிடம் ஒப்படைத்தது. அத்துறை 269 பேர்மீது குற்றம் சாட்டியது.

வழக்கு நடந்துகொண்டிருந்த காலத்திலேயே குற்றம் சாட்டப்பட்டோருள் 54 பேர் இறந்தனர். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகளே எனத் தருமபுரி முதன்மை மாவட்ட அமர்வு நீதிமன்றம் 2011ஆம் ஆண்டு செப்டம்பர் 29ஆம் நாள் தீர்ப்பளித்தது. அவர்களுள் 126 பேர் வனத்துறையினர், 84 பேர் காவல் துறையினர், ஐவர் வருவாய்த் துறையினர். வன்கொடுமைக் குற்றத்திற்காகத் தண்டிக்கப்பட்டோர் 17 பேர். தண்டனை பெற்றோர் மேல்முறையீடு செய்தனர். உயர்நீதிமன்றத்து நீதிபதி பொ. வேல்முருகன் 2023ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் தாமே வாச்சாத்திக்குச் சென்று இடத்தைப் பார்வையிட்டார். அவ்வாண்டு செப்டம்பர் 29ஆம் நாள் மேல்முறையீடுகள் அனைத்தையும் தள்ளுபடி செய்தார். துன்புற்ற பெண்டிர் ஒவ்வொருவர்க்கும் 10 லட்சம் ரூபாய் இழப்பீடு தரவும், அதிற் பாதியை வன்கொடுமைக் குற்றவாளிகளிடமிருந்தே பெறவும், வேலையோ தொழிலோ அமைத்துத் தரவும், அக்காலத்து மாவட்ட ஆட்சியர், காவல் கண்காணிப்பாளர், மாவட்ட வன அலுவலர் ஆகியோர்மீது நடவடிக்கை எடுக்கவும் ஆணையிட்டார்.

கொடுமை நிகழ்ந்த நாளினின்று இத்தீர்ப்பு வரை சென்ற காலம் முப்பத்தோராண்டுக்கு மேல். அன்று மணப்பருவத்தில் இருந்தவர் பேரப்பிள்ளைகளை எடுத்து வளர்க்கும் பருவம் எய்திவிட்டனர்.

4. இவ்வழக்கு கற்பிப்பது

வாச்சாத்தியினின்று நாம் கற்கத் தக்கன மூன்று.

முதலாவது, இசைவு என்பது தன்னுரிமை உடையார்க்கே உரியது. சுற்றி வளைக்கப்பட்ட ஊரில், அடிபட்டு வீழ்ந்த உறவினர் கண்முன்னே, துப்பாக்கி ஏந்தியவர் நடுவே நின்ற பெண் கூவினாளா, போராடினாளா என்று கேட்பது அறிவுடைமை ஆகாது. ஒருவருடைய உணவோ, உறையுளோ, கூலியோ, விடுதலையோ மற்றொருவர் கையில் இருக்குமிடத்து, 'அவள் மறுக்கவில்லையே' என்னும் சொல்லுக்குப் பொருளே இல்லை.

இரண்டாவது, காலந் தாழ்த்துக் கூறியது பொய்யாகாது. அப்பெண்டிர் அன்றே சென்று முறையிடவில்லை, முறையிட இடமுமில்லை. உயர்நீதிமன்றம் அவர்தம் சாட்சியத்தை நம்பத்தக்கது என ஏற்றுக்கொண்டது. குர்மித் சிங் வழக்கில் 1996இல் உச்சநீதிமன்றமும் இதே நெறியைக் காட்டியிருக்கின்றது: துன்புற்றவளின் சாட்சியம் நம்பத்தக்கதாயின் அஃதொன்றே போதும், வேறு சான்று இன்றியமையாததன்று, குடும்ப மானத்தை எண்ணித் தயங்கியதனாலேற்பட்ட தாமதம் வழக்கைக் கெடுக்காது.

மூன்றாவதே தலையாயது. 1983இன் திருத்தம் வாச்சாத்திக்கு ஒன்பது ஆண்டு முற்பட்டது. 1989இன் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் மூன்றாண்டு முற்பட்டது. சட்டங்கள் இருந்தன, அவை பேசவில்லை. கேட்பதற்கு ஒருவர், உடன் செல்வதற்கு ஒருவர், எழுதுவதற்கு ஒருவர், அஞ்சாது அறிக்கை தருவதற்கு ஓர் அலுவலர் எனப் பலர் வந்து கூடிய பின்னரே அவை வாய் திறந்தன. அப்பெண்டிர் நெடுங்காலம் மன்றம் ஏறி இறங்கியும் தம் சொல்லினின்று மாறாதிருந்தமைக்கு அவர்தம் உறுதியே முதற்காரணம். அவர் தனித்து விடப்படாமை துணைக்காரணம்.

5. இற்றைச் சட்டம்

2012 டிசம்பரில் தில்லியில் நிகழ்ந்த கொடுமையின் பின்னர், நீதிபதி வர்மா தலைமையில் அமைந்த குழு 29 நாளில் அறிக்கை தந்தது. அதனையடுத்து 2013இல் வந்த திருத்தமே இசைவு என்பதற்கு முதன்முதல் வரையறை வகுத்தது. 2024 ஜூலை முதல் நாளினின்று நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதாவின் 63ஆம் பிரிவு அவ்வரையறையை ஏற்றுக்கொண்டுள்ளது. அதன் கருத்தாவது: பெண் தன் சொல்லாலோ, குறிப்பாலோ, வேறெவ்வகையாலோ, குறிப்பிட்ட அச்செயலில் ஈடுபடத் தனக்கு விருப்பம் உண்டென ஐயத்திற்கிடமின்றித் தானே முன்வந்து தெரிவிப்பதே இசைவு. உடலால் எதிர்த்துப் போராடவில்லை என்பது ஒன்றையே கொண்டு அவள் இசைந்தாள் எனக் கருதலாகாது. தேசாய்கஞ்ச் சிறுமிக்கு மறுக்கப்பட்ட நீதி இவ்வொரு தொடரில் அடங்கியிருத்தலைக் காண்க.

இதனினின்று சில உண்மைகள் தாமே பெறப்படும். முன்னொரு நாள் தந்த இசைவு இன்றைக்கு இசைவாகாது. ஒன்றிற்குத் தந்தது மற்றொன்றிற்கு ஆகாது. நட்பும், உடன் பயணம் செய்தலும், உடுத்தும் உடையும் இசைவல்ல. தனக்கோ தன் அன்பிற்குரியார்க்கோ உயிர்க்கேடு நேரும் என்னும் அச்சத்தாற் பெற்றதும், மதுவின் மயக்கத்திற் பெற்றதும் இசைவல்ல. பதினெட்டு வயது நிரம்பாதாரிடம் பெற்றது எவ்வாற்றானும் இசைவன்று.

தண்டனை பத்தாண்டுக்குக் குறையாத கடுங்காவல். அது வாழ்நாள் அளவும் நீளலாம். காவலரோ, அரசு ஊழியரோ, பெண்ணின்மேல் ஆட்சி செலுத்தும் நிலையில் உள்ளவரோ செய்தால், எஞ்சிய வாழ்நாள் முழுதும் சிறையிற் கழித்தலும் தண்டனையாகலாம். பலர் கூடிச் செய்தால் இருபதாண்டுக்குக் குறையாது. துன்புற்றாரின் பெயரையோ அடையாளத்தையோ வெளியிடுவோர்க்கு 72ஆம் பிரிவின்படி ஈராண்டு வரை சிறையுண்டு. கைப்பேசியில் இன்னாரென்று செய்தி பரப்புவோர் இதனை நன்கு நினைவிற் கொள்க.

சிறார்க்கெனத் தனியே 2012இன் போக்சோ சட்டம் உளது. அது சிறுமியர்க்கேயன்றிச் சிறுவர்க்கும் காப்பளிப்பது. குற்றம் நிகழ்ந்தமையை அறிந்தோர் எவராயினும் அதனைத் தெரிவித்தே ஆகவேண்டும். பள்ளியின் பெயர் கெடும் என மறைக்கும் தலைமையாசிரியரும் விடுதிக் காப்பாளரும் தாமே குற்றவாளிகளாவர்.

சட்டம் இன்னும் முற்றத் திருந்திவிட்டதெனக் கூறுதற்கில்லை. பதினெட்டு வயது நிரம்பிய மனைவியிடம் கணவன் இசைவின்றிக் கூடுதல் வல்லுறவு ஆகாது என்னும் விலக்கு இன்றும் ஏட்டில் உளது. தில்லி உயர்நீதிமன்றத்து நீதிபதியர் இருவர் 2022இல் இதுபற்றி இருவேறு தீர்ப்பளித்தனர்; பின்னர் அவ்வினா உச்சநீதிமன்றத்தைச் சென்றடைந்தது. ஆயினும் 2005இன் குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் மனைவியர்க்கும் பாலியற் கொடுமையினின்று காப்பு வழங்குகின்றது. வயது வந்த ஆடவர் இக்கொடுமைக்கு ஆளாயின் அவர்க்கு ஈடான பிரிவு புதிய சட்டத்தில் இல்லை என்பதும் ஒரு குறையே.

நம் சமவெளிக்கு நெருங்கிய பொருள் ஒன்று உளது. சேலம், நாமக்கல் மாவட்டங்களின் நூற்பாலைகளிலும், குமாரபாளையம், பள்ளிபாளையம் விசைத்தறிக் கூடங்களிலும், சவ்வரிசி ஆலைகளிலும், கோழிப் பண்ணைகளிலும் ஆயிரக்கணக்கான பெண்டிர் உழைக்கின்றனர். வெளியூரினின்று வந்து ஆலை விடுதிகளில் தங்கியிருப்போரும் உளர். மேற்பார்வையாளர் கையில் அவர்தம் கூலியும், விடுப்பும், வாயிற் கதவின் திறவுகோலும் இருக்கின்றன. 2013ஆம் ஆண்டின் பணியிடப் பாதுகாப்புச் சட்டத்தின்படி, பத்துப் பேர் அல்லது அதற்கு மேற்பட்டோர் பணி செய்யும் ஒவ்வோரிடத்திலும் பெண்ணொருவர் தலைமையில் உள்ளகக் குழு அமைத்தல் கட்டாயம்; அதனினும் சிறிய இடங்களில் உழைப்போர் மாவட்டத்து உள்ளூர்க் குழுவிடம் முறையிடலாம். தம் ஆலையில் அக்குழு உளதா, அதன் உறுப்பினர் யாவர் என்பதை எத்துணைப் பெண்டிர் அறிவர்? நம் மாணவியருள் பலர்க்கு அக்கையும் தங்கையும் அத்தையும் அங்குப் பணி செய்கின்றனர். அவர்களுக்கு இச்செய்தியைக் கொண்டு சேர்த்தல் நம் கடன்.

6. நாம் செய்யக் கடவது

துன்புற்ற ஒருத்தி நம்மிடம் வந்து உரைப்பாளாயின் யாது செய்தல் வேண்டும்?

முதற்கண் கேட்டல். 'அந்நேரத்தில் அங்கு ஏன் சென்றாய்?' என்னும் வினா நம் நாவில் எழுமாயின் அதனை அடக்குக. அவ்வினா அவள் வாயை மீண்டும் அடைத்துவிடும். 'நீ சொல்வதை யாம் நம்புகின்றோம். பிழை உன்னுடையதன்று' என்னும் இரு தொடரும் அப்பொழுதைக்கு நூறு அறிவுரையினும் மேலானவை.

அடுத்து மருத்துவம். அரசு மருத்துவமனையாயினும் தனியார் மருத்துவமனையாயினும் அவளுக்கு உடனே கட்டணமின்றிச் சிகிச்சை அளித்தல் வேண்டும் என்பது பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 397ஆம் பிரிவு. மறுப்போர்க்குத் தண்டனை உண்டு. காவல் நிலையத்து அறிக்கை கொண்டுவந்தாலன்றிப் பாரோம் என்று கூற எவர்க்கும் உரிமையில்லை. கருத்தடை மாத்திரையும், எச்.ஐ.வி. தொற்றைத் தடுக்கும் மருந்தும் எத்துணை விரைவில் கொடுக்கப்படுமோ அத்துணை நன்று. பின்னதை 72 மணிக்குள் தொடங்குதல் வேண்டும். கூடுமாயின் நீராடுதற்கு முன்னரே மருத்துவரிடம் செல்வதும், அணிந்திருந்த துணிகளைத் துவைக்காது காகிதப் பையில் வைப்பதும் சான்றுகளைக் காக்கும். உடற்பரிசோதனையை அவளது இசைவு பெற்றே செய்தல் வேண்டும். பரிசோதனைக்கு இசையாவிடினும் சிகிச்சையை மறுத்தலாகாது. வன்கொடுமைக்கு ஆளானவளிடம் மருத்துவனும் இசைவு கேட்டே அணுகவேண்டும் என்னும் இவ்விதி எத்துணைப் பொருள் பொதிந்தது! முன்னாளில் வழங்கிய 'இருவிரற் பரிசோதனை' என்னும் இழிமுறையை உச்சநீதிமன்றம் 2013இலும் 2022இலும் கண்டித்து விலக்கியுள்ளது.

மூன்றாவது முறையீடு. எல்லை எம்முடையதன்று எனக் கூறி எக்காவல் நிலையமும் திருப்பியனுப்பலாகாது. வாக்குமூலத்தைப் பெண் அலுவலரே பதிவு செய்தல் வேண்டும். பதிய மறுக்கும் அலுவலர்க்கு ஆறு திங்கள் முதல் ஈராண்டு வரை சிறையுண்டு. அறிக்கையின் படியைக் கட்டணமின்றிப் பெறலாம். முறையிடுவதா, எப்பொழுது முறையிடுவது என்பதை வயது வந்த பெண்ணாயின் அவளே முடிவு செய்க. அம்முடிவையும் அவளிடமிருந்து நாம் பறித்தலாகாது.

நான்காவது துணை. மகளிர் உதவிக்கு 181, சிறார் உதவிக்கு 1098, அவசர உதவிக்கு 112, சட்ட உதவிக்கு 15100 என்னும் எண்களை நினைவிற் கொள்க. மாவட்டந்தோறும் அமைந்துள்ள ஒருங்கிணைந்த சேவை மையத்தில் தங்குமிடமும் ஆற்றுப்படுத்தலும் கிடைக்கும். பெண்டிர் எவரும், வருவாய் எவ்வளவாயினும், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவினிடம் கட்டணமின்றி வழக்கறிஞர் உதவி பெறலாம். இழப்பீட்டிற்கும் அவ்விடத்திலேயே விண்ணப்பம் செய்யலாம்.

செய்யத் தகாததும் ஒன்று உண்டு. ஊர்ப் பெரியோர் கூடி, பணம் பேசியோ, செய்தவனுக்கே அவளை மணம் முடித்தோ 'காதும் காதும் வைத்தாற்போல்' முடித்துவிட முனைவது இன்றும் சில ஊர்களிற் காணப்படுகின்றது. 2015இல் சென்னை உயர்நீதிமன்றத்திலேயே ஒரு வழக்கு சமரசத்திற்கு அனுப்பப்பட்டது. துன்புற்ற பெண் அதற்கு உடன்பட மறுத்தாள். உச்சநீதிமன்றம் அக்காலத்திலேயே மற்றொரு வழக்கில் இக்குற்றத்தில் சமரசத்திற்கு இடமில்லை என்றது. முன்னைய ஆணை திரும்பப் பெறப்பட்டது. இசைவின்றி நிகழ்ந்த குற்றத்தை இசைவின்றி நிகழும் திருமணத்தால் மூடுதல், புண்ணைத் துணியால் மூடிப் புரையோட விடுவதை ஒக்கும்.

முடிவுரை

இக்கட்டுரையில் எடுத்துரைத்த பிரிவுகளின் எண்களை மறந்தாலும் குற்றமில்லை. அவை மாறினும் மாறும். மறவாதிருக்க வேண்டியது ஒன்றே. இசைவு என்பது அச்சமின்றி 'ஆம்' எனவும், அச்சமின்றி 'இல்லை' எனவும் சொல்ல வல்லார் தரும் சொல். அவ்வச்சமின்மையை ஒருவர்க்கு அளிப்பது சட்டம் மட்டுமன்று. அவரைச் சூழ்ந்திருப்போரும் ஆவர். நம் மாணவர் தம் தோழியின் 'இல்லை' என்னும் சொல்லை ஒரு முறை கேட்டவுடன் மதித்து நிற்கப் பழகுக. நம் மாணவியர் அச்சொல்லைக் கூறுதற்கு நாணாதிருக்க. ஆசிரியரும் பெற்றோரும் பிள்ளைகள் வந்து உரைக்கும்பொழுது முகஞ்சுளியாது கேட்க. மலையடிவாரத்துப் பெண்டிர் முப்பத்தோராண்டு காத்திருந்து பெற்ற நீதியை, இனி வருவோர் அத்துணைக் காலம் காத்திராது பெறுமாறு செய்தல் நம் தலைமுறையின் கடனாகும்.